அவளுக்கு எதிரான மனு

கம்பளைக்குப் போகும் பஸ்ஸில் முன் சீட்டுப் பெண்கள் இருவரும் சிரித்த சிரிப்பில் என் மடியில் தூங்கிய குழந்தை எழுந்துவிடுமோ என்று பயந்தேன். ஆனாலும் காது அங்கேதான் இருந்தது.

“என்னை வேலைய விட்டுத் தூக்கச் சொல்லி நானே டைப் அடிச்சுக் குடுத்தேன், அக்கா,” என்றாள் இளையவள்.

“என்னடி உளர்ற? உன்னை நீக்கினது தப்பு, கூட்டுறவு பேங்க் திரும்ப வேலைக்கு எடுக்கணும்னு விசாரிச்ச நடுத்தீர்ப்பாளர் சொல்லியாச்சே!”

“எடுத்தாங்க. இப்ப அந்தத் தீர்ப்பை எதிர்த்து கோர்ட்டுக்குப் போறாங்க. மனு அடிக்க அங்க நான் ஒருத்திதானே இருக்கேன்?”

“கிழிச்சுப் போட வேண்டியதுதானே, லூசு!”

“எனக்கு டைப்பிங்கே தெரியாதுன்னு அதுல எழுதியிருக்கு, அக்கா. மூணு பக்கமும் ஒரு பிழையும் இல்லாம அடிச்சேன். அடியில ‘தட்டச்சு செய்தவர்’னு என் பேரையும் போட்டேன். மனேஜர் வாசிக்காமலே கையெழுத்து வச்சிட்டாரு!”