சென்ஜி ஓங்காத கை

கணவாய் மீனைப் பச்சையாகச் சாப்பிடுவதென்றால் காலையிலேயே சாப்பிட்டுவிட வேண்டும் ஐயா; மதியத்துக்கு மேல் ருசி செத்துவிடும். ஹச்சினோஹே துறைமுகத்தில் பிறந்தவனுக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

நானும் சென்ஜியும் ஒரே கணவாய்ப் படகில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். கரையிறங்கினால் சாக்கே குடிப்போம்; சாக்கே உள்ளே போனால் அடிதடி. நான் வம்பை இழுப்பேன், அவன் முடித்துவைப்பான். அவன் எழுந்து நின்றாலே கடை காலியாகிவிடும். பக்கத்தில் நின்றதால் எனக்கும் வழிவிட்டார்கள்.

ஒருநாள் போதையில் சென்ஜி தன் மனைவி ஃபுமியேயை அறைந்தான். அவளுக்கு இடது காது போய்விட்டது. அன்றோடு குடியை விட்டான். இனி யார்மீதும் கை ஓங்குவதில்லை என்று அவளிடம் சத்தியம் செய்தான்.

அதன்பிறகு நேற்று படகேறிய பயல்கள்கூட அவனைச் சீண்டினார்கள்.

"என்ன பெருசு, பல்லு புடுங்கின சுறாவா நீ?"

அவனும் சேர்ந்து சிரிப்பான். அந்தச் சிரிப்பைத்தான் என்னால் பார்க்க முடியவில்லை. பழைய சென்ஜியை மீட்டெடுப்பது என் கடமை என்று நினைத்தேன். எல்லோர் முன்னாலும் அவன் சோற்றில் துப்பினேன். எழுந்துபோய் வேறு சோறு போட்டுக்கொண்டு வந்தான்.

செவ்வாய்க்கிழமை மதியம் ஐஸ் பேக்டரிக்குப் பின்னால் அழைத்துப்போனேன்.

"ஒரே ஒரு அடி அடிடா. அப்புறம் உன் வழிக்கே வரமாட்டேன்."

"வேணாம் குரா. உனக்கு ஆத்திரம்னா அடிச்சுத் தீத்துக்கோ. நான் அவளுக்கு வாக்கு குடுத்திருக்கேன்."

கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டான்.

முதலில் வெறுங்கையால்தான் அடித்தேன். ஐஸ் கட்டி இழுக்கும் கொக்கி பக்கத்தில் கிடந்தது; பிறகு அதை எடுத்தேன். அவசரப்படவில்லை ஐயா, ஒவ்வொரு அடிக்கும் முன்னால் அவனுக்கு அவகாசம் கொடுத்தேன். ஒருதரம் கை ஓங்கியிருந்தால் நிறுத்தியிருப்பேன். விழுந்த பிறகும் காத்திருந்து பார்த்தேன். பிறகுதான் தொடர்ந்தேன்.

ஃபுமியே ஓடிவந்தாள். அழவில்லை. நல்ல காதை என் பக்கம் திருப்பி ஒன்றே ஒன்று கேட்டாள்.

"அண்ணே, அவரு உங்கள அடிச்சாரா?"

என் முகத்தை நீங்களே பார்க்கிறீர்கள். ஒரு கீறல்கூட இல்லை.

"அடிச்சான்மா. மொத அடியே அவன்தான்," என்றேன்.

அவன் முகத்தைத் தொட நீட்டிய கையை அவள் இழுத்துக்கொண்டாள். அப்படியே ஈரத்தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

ஆமாம் இன்ஸ்பெக்டர் ஐயா, கொன்றது நான்தான். ஆனால் பயந்தாங்கொள்ளி என்ற பெயரோடு அவனை அனுப்பவில்லை. அந்த மரியாதையை அவனுக்கு என்னைத் தவிர வேறு யார் செய்திருப்பார்கள்?