அண்ணன் கேமுக்கு மாறுதல் உத்தரவு

ஸ்ரீரங்கத்திலிருந்து சத்திரம் பஸ் ஸ்டாண்டுக்குப் போகும் பஸ் காவிரிப் பாலத்தில் நின்றபோது, முன் சீட்டுப் பெண் தன் அம்மாவிடம், "அண்ணனோட வீடியோ கேமையெல்லாம் வெளியே அனுப்பிட்டேன்மா" என்றாள்.

"அழிச்சிட்டியாடி? நாளைக்கு துபாய்லேருந்து வர்றான்!"

"அழிக்கல. கேம் மெஷின்ல இடமில்லன்னேன், உன்னோட கேமை அழின்னு அவன்தான் போன்ல சொன்னான். நான் வெளியே ஒரு ஹார்டு டிஸ்க் மாட்டி, அவனோடத அதுக்கு மாத்திட்டேன்."

ஆள் ஊரில் இல்லாதபோது மாறுதல் உத்தரவு போடுவது பழைய அலுவலக வழக்கம்.

"அதுலேருந்து ஆடலாம்ல?"

"முடியாது. பத்திரமா இருக்கும், அவ்வளவுதான். ஆடணும்னா திரும்ப உள்ள கொண்டுவரணும். உள்ள என்னோடது இருக்கு."

"மெஷின் அவன் வாங்கினதுடி."

"ரூமும் அவனோடதுதான். அதுல அரிசி மூட்டை அடுக்கினது யாரு?"

அம்மா சற்று யோசித்தாள். "மூட்டையை இன்னிக்கே எடுத்துடுறேன்."

"எடுத்துக்க. என் கேமை நான் எடுக்க மாட்டேன்."