இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்து மாப்பிள்ளை

— இருநூத்துப் பன்னெண்டாம் பக்கம். நீங்களே படிங்க, மிஸ் ப்ரூயிட். ஊருக்கே கேக்குற மாதிரி படிங்க.

— இது லைப்ரரி, மெர்ல். இங்க பலமா இருமினாலே வெளியில அனுப்பிடுவேன். நீ என்னடான்னா பன்னிப்பட்டியில போட்ட பூட்ஸோட வந்து நிக்கிறே.

— சரி, மெதுவாவே படிங்க.

— "மெர்ல் ஸ்டாக்வெல், சோளமும் பன்றியும் வளர்ப்பவர், 1936 அக்டோபர் பத்தாம் நாள், வில்லோ முனையைச் சேர்ந்த செல்வி வெல்மா ஹாட்ஜை மணந்தார்." நல்லாத்தானே இருக்கு? ஒரு எழுத்துப் பிழைகூட இல்ல.

— பிழை இல்லதான். ஆனா நான் இன்னும் கட்டிக்கலையே, தாயே! இன்னிக்கு செப்டம்பர் பன்னெண்டு!

— நூறு வருஷம் நிக்கப்போற புத்தகம். ஒரு மாசம் முன்னப்பின்ன இருந்தா என்ன குடி முழுகிப் போகுது?

— நான் என்ன சொல்ல வர்றேன்னா, எங்கப்பா முப்பதாம் பக்கத்துல இருக்கார். சதுப்பு நிலத்தை வடிய வெச்சார், முதல் பாலத்தைக் கட்டினார்னு மரியாதையா எழுதியிருக்கீங்க. என்னை மட்டும் கொண்டுபோய், காதலுக்காகப் பாறை உச்சியிலேருந்து குதிச்சாளே, அந்தப் பொண்ணு பக்கத்துல உக்கார வெச்சிருக்கீங்க.

— புத்தகத்தோட பேரே 'லார்க்கின் மாவட்டத்தின் வரலாறும் காதலும்'. உங்கப்பா வரலாறு. நீ காதல்.

— நானா? காதலா?

— பதினோரு வருஷமா ஞாயித்துக்கிழமை தவறாம ஹாட்ஜ் வீட்டு வாசல்ல உக்காந்து ஆப்பிள் கேக் திங்கிறியே, அதை வேற எங்க போடச் சொல்றே? கால்நடைப் பகுதியிலயா?

— அந்தப் பொண்ணே நிஜத்துல குதிக்கல, தெரியுமா? கால் வழுக்கிக் கணுக்கால் சுளுக்கிக்கிட்டா, அவ்வளவுதான். அப்புறம் ஒஹாயோ பக்கம் போய் ஏழு புள்ளை பெத்தா. அவளும் குதிக்கல, நானும் கட்டல. இந்தப் புத்தகத்துல ஏதாவது ஒண்ணு நிஜமா நடந்திருக்கா?

— எனக்கு ஒரே சட்டம், மெர்ல். குடும்பக் கதையைக் குடும்பமே எழுதித் தரணும். வந்ததை வந்தபடி போடுவேன், ஒரு கமாவைக்கூட நகர்த்த மாட்டேன். குதிச்சாள்னு அவங்க எழுதினாங்க, குதிக்க விட்டேன்.

— அப்ப எனக்குக் கல்யாணம் பண்ணி வெச்சது யாரு?

— ஹாட்ஜ் குடும்பம்.

— ஹாட்ஜ் குடும்பத்துல வெல்மாவைத் தவிர யாரு இருக்கா?

— யாரும் இல்ல.

— வெல்மாவா? வெல்மாவா எழுதினா?

— மார்ச் மாசமே கொண்டுவந்து குடுத்துட்டா. 'அக்டோபர்னு போட்டிருக்கியேம்மா, இன்னும் நடக்கலையே'ன்னு நானும் கேட்டேன். 'அச்சாகி வர ஆறு மாசம்னீங்களே, அதுக்குள்ள மெர்ல் கேட்டுடுவார். புத்தகம் வர்றப்ப எல்லாம் சரியா இருக்கும்'னா.

— என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலையே!

— நீ அவகிட்ட எத்தனை வார்த்தை பேசியிருக்கே, பன்னிக்கு வந்த சீக்கைத் தவிர?

— இப்ப நான் தலை காட்ட முடியல. தேவாலயத்துப் பொம்பளைங்க கல்யாணப் போர்வை தைக்க ஆரம்பிச்சுட்டாங்க. நீதிபதி நடுத்தெருவுல காரை நிறுத்தி, எங்க குடித்தனம் வைக்கப்போறேன்னு விசாரிக்கிறார். நேத்து தீவனக்கடையில ஒரு கூட்டமே சூழ்ந்துக்கிச்சு. ஆளாளுக்கு முதுகுல தட்டுறான், அந்தத் தேனீக்காரன் கிளைட் மேப்ஸைத் தவிர. எனக்குக் கூச்சம் தாங்கல. 'எல்லாம் சுத்தப் பொய், நான் யாரையும் கட்டல, கட்டுறதாவும் இல்ல'ன்னு கத்திட்டேன்.

— கேள்விப்பட்டேன். மாவட்டமே கேள்விப்பட்டுச்சு.

— அதனாலதான் வந்தேன். திருத்தச் சீட்டு ஒண்ணு அடிச்சு எல்லாப் புத்தகத்துலயும் ஒட்டிடுங்க.

— தாராளமா. இந்தா தாள், இந்தா பேனா. 'மணந்தார்' என்பதை 'மணக்கவில்லை' என்று வாசிக்கவும். ஒரு வரி போதும். எழுது.

— இப்பவேவா?

— பின்ன, பன்னி குட்டி போட்டதுக்கப்புறமா? என்ன, பேனா ஓடலையா?

— ஓடுது, பொறுங்க. நான் என்ன சொல்ல வர்றேன்னா, 'மணக்கவில்லை'ன்னு ஒட்டினா, அதுவும் நூறு வருஷம் அப்படியே நிக்குமா?

— நிக்கும். நான் வாங்குற பசை அப்படி.

— மிஸ் ப்ரூயிட், வெளியில சொல்லிடாதீங்க. புத்தகம் கைக்கு வந்த அன்னிக்கு, தொழுவத்துல நின்னு அந்தப் பக்கத்தை எட்டுத் தடவை படிச்சேன்.

— மாடு என்ன சொல்லிச்சு?

— கேலி பண்ணாதீங்க. நல்லா இருந்துச்சு. என் பேரும் அவ பேரும் ஒரே வரியில பாக்க, எனக்கு ரொம்ப நல்லா இருந்துச்சு.

— அப்ப பதினோரு வருஷமா உனக்கு என்ன கேடு? வாயைத் திறந்து கேக்க வேண்டியதுதானே?

— கேட்டு, அவ மாட்டேன்னுட்டான்னா? அப்புறம் ஞாயித்துக்கிழமை நான் எங்க போவேன்?

— அட அசடே! நீ கேக்குறதுக்கு முன்னாடியே முந்நூறு பிரதியில அச்சடிச்சுப் பதில் சொல்லியிருக்காளே.

— ஆமால்ல? நான் அப்படி யோசிக்கவே இல்லையே! இந்தாங்க, உங்க தாள் எனக்கு வேணாம். எதையும் ஒட்டாதீங்க. புத்தகத்துல இருக்கிறபடியே நடக்கட்டும். நாளைக்கே போறேன். குளிச்சு, முடி வெட்டிக்கிட்டு, கேக் தட்டு வெளியில வர்றதுக்குள்ள கேட்டுடறேன்.

— நாளைக்கா?

— ஏன், இன்னும் நாலு வாரம் முழுசா இருக்கே?

— இருக்கு. நீ கொஞ்சம் உக்காரு, மெர்ல்.

— என்ன, ஒரு மாதிரி பாக்குறீங்க?

— காலையில நான் கதவைத் திறக்கிறதுக்கு முன்னாடியே வெல்மா வந்து வாசல்ல நின்னா. தீவனக்கடைச் சேதி அவ காதுக்கும் போயிருக்கு. அழல, ஒண்ணும் இல்ல. அவளும் ஒரு திருத்தச் சீட்டு எழுதிக் குடுத்துட்டுப் போயிருக்கா. என் சட்டம் உனக்குத் தெரியும், ஒரு கமாவை நகர்த்த மாட்டேன்.

— படிங்க.

— "இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கம், ஏழாம் வரி. 'மெர்ல் ஸ்டாக்வெல், சோளமும் பன்றியும் வளர்ப்பவர்' என்பதை, 'கிளைட் மேப்ஸ், தேனீ வளர்ப்பவர்' என்று திருத்தி வாசிக்கவும். தேதியில் மாற்றமில்லை."