இரண்டு பச்சைக் கோடுகள்

மதியம் இரண்டு மணி. நடுராத்திரி இல்லை… மதியம். பேய்க் கதை கேட்டுவிட்டு இப்படி முகத்தைச் சுளிக்காதீர்கள். நடந்ததைத்தானே சொல்ல முடியும்? கரண்ட் வருகிறபோது வரட்டும். அந்த மெழுகுவர்த்தியை மட்டும் கொஞ்சம் இந்தப் பக்கம் நகர்த்துங்கள்.

செஞ்சியிலிருந்து சிங்கவரம் போகிற சாலை. சித்திரை வெயில். ஆள் இல்லை, ஒரு நாய்கூட இல்லை. இரண்டு பக்கமும் வேர்க்கடலை பிடுங்கிப்போட்ட கொல்லை… காய்ந்த கொடி வாசனை. கோட்டை மலைப் பாறையிலிருந்து அனல் அப்படியே இறங்கி வருகிறது. அந்தச் சாலையில் ஒரு பெண் ஸ்கூட்டியில் போகிறாள். கால் வைக்கிற இடத்தில் பழைய பெட்ஷீட்டில் சுற்றிய ஒரு பெட்டி.

அவள் பெயர் அனு. நம் ஆபீஸ் எழிலன் இருக்கிறானே, அவனுடைய சொந்தத் தங்கை. பெட்டிக்குள் இருந்தது கேம் கன்சோல். டிவியில் மாட்டி விளையாடுவார்களே, அது. வல்லத்துப் பக்கம் வின்சென்ட் என்று ஒருவன் விற்கிறேன் என்று நெட்டில் போட்டிருந்தான். போய் வாங்கிக்கொண்டு சிங்கவரத்து வீட்டுக்குத் திரும்புகிறாள்.

அவன் அவளை வீட்டுக்குள்ளேயே கூப்பிடவில்லை. கேட்டில் நின்றபடி கையில் கொடுத்தான்.

“ஒரு தரம் டிவில போட்டுக் காட்டுங்கண்ணா.”

“நல்லா வேல செய்யும்மா. எடுத்துட்டுப் போ.”

“அப்ப எதுக்கு விக்கிறீங்க?”

கேட்டைச் சாத்திக்கொண்டு உள்ளே போய்விட்டான்.

அனு காலேஜ் முடித்து, வேலைக்குப் பரீட்சை எழுதிக்கொண்டிருந்தாள். அவளுக்கு ஒரு ஆசை. கேம் விளையாடுவதை அப்படியே பதிவு செய்து, தமிழில் பேசி, யூடியூபில் போட வேண்டும். அதற்கு கேப்ச்சர் கார்டு வேண்டும். தீப்பெட்டி அளவுதான் இருக்கும். எழிலன் சென்னையிலிருந்து வாங்கிக்கொண்டு போனான்.

ஞாயிற்றுக்கிழமை அண்ணனும் தங்கையும் உட்கார்ந்து மாட்டினார்கள். கன்சோலிலிருந்து வருகிற வயர் கார்டுக்குள் போகும். கார்டிலிருந்து ஒரு வயர் டிவிக்கு, இன்னொன்று லேப்டாப்புக்கு. டிவியைப் பார்த்து விளையாடலாம், அதே படம் லேப்டாப்பில் பதிவாகும். முதலில் லேப்டாப்பில் வெறும் கறுப்புதான் வந்தது. கன்சோலுக்குள் காப்பி எடுக்க விடாத ஒரு பூட்டு இருக்கிறது, அதை அணைக்க வேண்டும். அணைத்ததும் படம் வந்தது… ஆனால் திக்கித் திக்கி வந்தது. லேப்டாப்பில் வேறு துளையில், நீல நிறத் துளையில் சொருகினான். சரியாகிவிட்டது.

பிறகு கன்சோலில் இருந்த பழைய ஆளின் கணக்கு, விளையாட்டு, வீடியோ எல்லாவற்றையும் துடைத்து அழித்தான். கடையில் வாங்கிய புதுப் பெட்டி மாதிரி ஆக்கிவிட்டான்.

லேப்டாப்பில் அடியில் இரண்டு பச்சைக் கோடுகள் ஓடும். மேலே ஓடுவது கேமின் சத்தம். வயர் வழியாகக் கன்சோலுக்குள்ளிருந்து வருவது. கீழே ஓடுவது அனுவின் மைக். அவள் பேசினால் கீழ்க்கோடு துள்ளும். கேமில் வெடி வெடித்தால் மேல்கோடு துள்ளும். ஒன்று இன்னொன்றில் கலக்காது. இதை மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

எழிலன் சென்னைக்குத் திரும்பிவிட்டான். அனு மதியத்தில்தான் பதிவு செய்வாள். அவளுடைய நைனா இளையபெருமாள் பஸ் கண்டக்டர், ராத்திரியில் வீட்டில் சத்தம் ஆகாது. மதியம் அவர் டூட்டியில் இருப்பார். அம்மா மீனம்பாள் கொல்லையிலிருந்து வந்து சாப்பிட்டுவிட்டுக் கொஞ்சம் கண் அசருவார். அனு காதில் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தால் வெளியில் இடி விழுந்தாலும் கேட்காது.

முதல் நாள் நன்றாகத்தான் விளையாடினாள். மறுநாள் தேவையில்லாததை வெட்டுவதற்காகப் பதிவைப் போட்டுக் கேட்கிறாள்.

கேமில் ஒரு காடு. அவள் எதுவும் பேசாமல் மறைந்து நிற்கிற இடம். கீழ்க்கோடு அசையாமல் கிடக்கிறது. மேல்கோடு மட்டும் மெல்லத் துள்ளியது.

தண்ணீர்ச் சத்தம். குழாயிலிருந்து பிளாஸ்டிக் பக்கெட்டில் விழுகிற சத்தம். ஒரு கோழி கொக்கரித்தது. அப்புறம்… ஒரு பொம்பளைக் குரல்.

“வின்சென்ட்டு…”

அது இங்கிலீஷ் கேம். அதில் தமிழ் ஏது? அனு மைக்கின் கோட்டை முழுதாக அணைத்துவிட்டுக் கேட்டாள். குரல் இருந்தது. கேமின் கோட்டை அணைத்தாள்… குரல் போய்விட்டது.

எழிலனுக்கு போன் போட்டாள்.

“ஆன்லைன்ல எவனாவது பேசியிருப்பான்டி.”

“நெட்டே போடலண்ணா. வெறும் டிஸ்க் போட்டுத்தான் ஆடினேன்.”

“அப்ப பழைய வீடியோ ஏதாவது உள்ள இருக்கும்.”

சொன்ன பிறகுதான் அவனுக்கே ஞாபகம் வந்தது. அழித்தது அவன்தானே.

அன்றைக்கும் பதிவு செய்தாள். விளையாடும்போது காதில் எதுவும் விழவில்லை. ஆனால் பதிவில் இருந்தது. பக்கெட் நிரம்பி, தண்ணீர் சிமெண்டுத் தரையில் வழிகிற சத்தம். “டேய் வின்சென்ட்டு… இங்க வாடா… ஒரு மாதிரி இருக்குதுடா…” பிறகு ஒரு குண்டான் கவிழ்ந்து உருண்டு, சுற்றிச் சுற்றி நின்ற சத்தம்.

அதற்கு அடுத்த பதிவில் பெயர்கூட முழுதாக வரவில்லை. “…ட்டு… …ட்டு…” நடுவில் மூச்சு. குறட்டை மாதிரி இழுத்து இழுத்து ஒரு மூச்சு.

அதற்கும் அடுத்ததில் வெறும் தண்ணீர். எவ்வளவு நேரம் விளையாடினாளோ அவ்வளவு நேரமும் தண்ணீர் மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது.

அனு அம்மாவைக் கூப்பிட்டுக் கேட்க வைத்தாள். மீனம்பாள் ஹெட்செட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

“இது சாவற மூச்சுடி. எங்க அக்காவுக்கு இப்படித்தான் இழுத்துச்சு. எங்கருந்துடி வாங்கியாந்த இத?”

அனு வின்சென்ட்டுக்கு போன் செய்தாள். எப்படி ஆரம்பிப்பது? “அண்ணா, உங்க அம்மா நல்லா இருக்காங்களா?” என்று கேட்டுவைத்தாள்.

“அம்மா தவறிட்டாங்கம்மா. பொங்கல் முடிஞ்சு. ஏன் கேக்குற?”

அனு அழுதுவிட்டாள். அழுதபடியே சொல்லிவிட்டாள். வின்சென்ட் முழுதும் கேட்டுக்கொண்டான். பிறகு, “நான் வர்றேன்” என்றான்.

மீனம்பாளுக்கு இது பிடிக்கவில்லை. “அழிச்சுடு அனு. அந்தப் புள்ள இத கேட்டுட்டு எப்படி உயிரோட இருக்கும்? ஏதோ தப்பாக் கேட்டுட்டேன், வர வேணாம்னு சொல்லிடு.”

“அவங்க அம்மாம்மா. நான் எப்படி அழிக்கிறது?”

எழிலன் வெள்ளிக்கிழமை பஸ் பிடித்து ஊருக்கு வந்தான். மறுநாள் மதியம் வின்சென்ட் வந்தான். முப்பது வயசு இருக்கும். சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருந்தான். மீனம்பாள் தண்ணீர் கொடுத்தார், வாங்கிக் கையிலேயே வைத்திருந்தான். அவனாகவே பேசினான்.

அன்றைக்கு அவனுக்கு லீவு. அப்பா பாக்கியசாமி வெளியூர் போயிருந்தார். இவன் ஹாலில் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு விளையாடிக்கொண்டிருந்தான். அம்மா சவரியம்மாள் பின்னால் துணி துவைத்துக்கொண்டிருந்தார். அங்கேயே விழுந்துவிட்டார். மூளையில் ரத்தக் குழாய் வெடித்துவிட்டதாம்.

“தண்ணி பின்வாசல் தாண்டி, நட தாண்டி… ஹாலுக்கு வந்துடுச்சு. என் கால்ல ஜில்லுனு பட்டப்பதான் எழுந்தேன். டாக்டர் உசுரு பட்டுனு போயிருக்கும்னாரு. ஊர்ல எல்லாரும் அப்படித்தான் சொன்னாங்க. எங்கப்பா மட்டும் கேட்டாரு… ‘அவ உன்ன கூப்ட்டாளாடா?’ன்னு. கூப்படலப்பான்னேன்.”

தம்ளரைக் கீழே வைத்தான்.

“எனக்குத் தெரியாதுங்க. கூப்ட்டாங்களா, கூப்படலையா… எனக்குத் தெரியாது. போடுங்க, கேக்கறேன்.”

அனு ஹெட்செட்டைக் கொடுத்தாள். அவன் எல்லாவற்றையும் கேட்டான். தண்ணீர் மட்டும் ஓடுகிறதே, அந்தப் பதிவையும் கடைசிவரை கேட்டான். அவன் முகத்தை நிமிர்ந்து பார்க்க மற்ற மூன்று பேருக்கும் தைரியம் வரவில்லை.

“இன்னிக்கி நான் ஒரு தரம் உக்காரட்டுமா?” என்று கேட்டான்.

அனு பதிவைப் போட்டுவிட்டாள். அவன் கையில் கன்ட்ரோலர். ஆனால் விளையாடவில்லை. டிவியில் அந்தக் காட்டு வழியில் ஆள் அசையாமல் நிற்கிறான். லேப்டாப்பில் இரண்டு பச்சைக் கோடுகள். மேல்கோடு காட்டுக் காற்றுக்கு லேசாக ஆடிக்கொண்டிருந்தது. எழிலன் அதையே பார்த்துக்கொண்டிருந்தான்.

மேல்கோடு ஒரு முறை துள்ளியது.

“இன்னாம்மா?” என்றான் வின்சென்ட்.

சாதாரணமாக… அடுத்த அறையில் இருக்கிறவரிடம் கேட்கிற மாதிரி.

மறுபடி துள்ளியது.

“பின்னாடியா? இரு, வந்துட்டேன்.”

எழுந்தான். ஹெட்செட் வயர் இழுத்து, பிடுங்கிக்கொண்டு வந்தது. அவனுக்கு அது தெரியவில்லை. முன்பின் வந்திராத வீடு. ஆனால் எங்கேயும் தடுமாறவில்லை, நேராகப் பின்கட்டுக்குப் போனான். அங்கே துவைக்கிற கல், ஒரு குழாய். மதிய வெயிலில் எல்லாம் காய்ந்து கிடந்தது. குழாயில் சொட்டுத் தண்ணீர் இல்லை, அந்த நேரத்தில் தண்ணீர் விடவே மாட்டார்கள். வின்சென்ட் குனிந்து அந்தக் குழாயைத் திருகி மூடினான். இறுக்கி மூடினான். பிறகு கொதிக்கிற சிமெண்டுத் தரையில் உட்கார்ந்தான். இரண்டு கையையும் தரையோரம் கொண்டுபோய், எதையோ தூக்கி மடியில் வைத்துக்கொண்டான். தலையைத் தாங்குகிற மாதிரி ஒரு கை. இன்னொரு கையால் நெற்றியில் ஒட்டிய முடியை ஒதுக்குகிற மாதிரி…

மீனம்பாள் வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு அழுதார். யாரும் கிட்டே போகவில்லை.

வெயில் சாய்ந்த பிறகுதான் எழுந்தான். கன்சோலைத் திரும்பக் கேட்டான், கொடுத்துவிட்டார்கள். அதே பெட்ஷீட்டில் சுற்றி எடுத்துக்கொண்டு போனான்.

அவன் போன பிறகு எழிலன் அந்தப் பதிவைக் கேட்டான். மேல்கோட்டில் தண்ணீர் ஓடுகிறது, ஓடுகிறது… வின்சென்ட் பின்கட்டுக்குப் போன நேரத்தில், குழாயைத் திருகுகிற கிறீச் என்ற சத்தம். தண்ணீர் நின்றுவிட்டது. அதற்குப் பிறகு காட்டுக் காற்று மட்டும்தான்.

சில நாள் கழித்து வின்சென்ட் அனுவுக்கு போன் செய்தான். அப்பாவிடம் உண்மையைச் சொல்லிவிட்டானாம். பாக்கியசாமி, “எனக்குத் தெரியும்டா” என்றாராம். பக்கத்து வீட்டுக்காரர்களுக்கு அன்றைக்குக் குரல் கேட்டிருக்கிறது. தினமும் மகனைச் சாப்பிடக் கூப்பிடுகிற குரல்தானே என்று இருந்துவிட்டார்கள். அடக்கம் முடிந்த அன்றே அவரிடம் சொல்லி அழுதார்களாம். மகனுக்குத் தெரிய வேண்டாம் என்று அவர்தான் எல்லார் வாயையும் அடைத்திருக்கிறார். இப்போது அப்பாவும் மகனும் ஒரே வீட்டில்தான் இருக்கிறார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதில்லையாம்.

அனு அதற்குப் பிறகு கேம் பக்கமே போகவில்லை. கேப்ச்சர் கார்டைத் தூக்கிப்போடச் சொன்னாள். எழிலன்தான் கேட்கவில்லை. பெட்டிதான் போய்விட்டதே, கார்டு என்ன செய்தது என்று சென்னைக்கு எடுத்து வந்துவிட்டான்.

அவனோடு ரூமில் வீரமணி என்று ஒருவன் இருக்கிறான். அவனிடம் சொந்தமாக ஒரு கன்சோல், கடையில் பிரித்த புதுசு. ஒரு லீவு நாள் மதியம் ஃபுட்பால் கேமைப் பதிவு செய்து பார்க்கலாம் என்று இரண்டு பேரும் மாட்டினார்கள். விளையாடினார்கள், சிரித்தார்கள். வீரமணி சாப்பாடு வாங்கப் போனபோது எழிலன் பதிவைப் போட்டுக் கேட்டான்.

மேல்கோடு.

கூட்டத்தின் கைத்தட்டலுக்கு நடுவில்… “எழிலா…”

மீனம்பாள் குரல்.

கையிலிருந்த எல்லாவற்றையும் போட்டுவிட்டு ஊருக்கு போன் செய்தான். மணி அடித்துக்கொண்டே இருந்தது. கடைசியில் எடுத்தார்.

“இன்னாடா இந்நேரத்துல? கைல சோப்பு, சொல்லு.”

“ஒண்ணுமில்லம்மா… நீ என்ன கூப்ட்டியா?”

“நான் ஏன்டா கூப்புடுறேன்? சாப்டியா நீ?”

இது நடந்து ஒரு வருஷம் ஆகப்போகிறது. மீனம்பாள் கல்லு மாதிரி திடமாக இருக்கிறார். எழிலன் காதில் எதையும் மாட்டுவதில்லை, ஆபீசில் பார்த்திருப்பீர்கள். வீட்டில் பெண் பார்க்கிறார்கள். யாரைக் காட்டினாலும் வேண்டாம் என்கிறான். பேரப்பிள்ளை என்னை ஆயா என்று கூப்பிட வேண்டாமா என்று அம்மா அழுகிறார், இவன் வாயைத் திறப்பதில்லை. என்னிடம் மட்டும் ஒரு தடவை சொன்னான்.

அந்தப் பதிவில் அம்மாவின் குரல் மட்டும் இல்லையாம். அம்மா இரண்டாவது தடவை கூப்பிட்ட பிறகு, ரொம்பக் கிட்டத்தில், அவன் காதோரமாகவே இன்னொரு குரல்… இப்போதுதான் பேசப் பழகுகிற ஒரு குழந்தை. அவன் சட்டையைப் பிடித்து இழுக்கிற மாதிரி சொல்கிறது.

“அப்பா… ஆயா கூப்புடுது.”