அறை மாறி வந்த எங்கள் ஐயாவுக்கு

வேல்ஸ் நாட்டின் நிலக்கரி ஊரொன்றில் பிறந்து, ரொறன்ரோத் தமிழரின் துயரங்களுக்குத் தோள் கொடுத்த பெருந்தகையே! இன்று ஓய்வு பெறும் எங்கள் நாடாளுமன்ற உறுப்பினர் எம்லின் புரொதரோ ஐயா அவர்களே!

சுரங்கத் தொழிலாளியின் மகன் நீங்கள். சுரங்கம் மூடியதும் பத்தொன்பது வயதில் கனடா வந்து, பதினாறு ஆண்டுகள் பேருந்து ஓட்டினீர்கள். தொழிற்சங்க மேடையில் எழுந்த உங்கள் குரல், பின்னர் இருபத்திரண்டு ஆண்டுகள் ஒட்டாவாவில் எங்களுக்காக ஒலித்தது. அந்த உரைகளெல்லாம் அச்சில் இருக்கின்றன. அச்சேறாத ஒரு மாலைப் பொழுதை இங்கே எழுதி வைக்க விரும்புகிறோம்.

அன்று இறுதி அஞ்சலி நடக்கும் ஒரே மலர்ச்சாலையில் இரண்டு இராஜரட்ணங்களின் உடல்கள். ஒருவர் ஊரறிந்த வர்த்தகர். மற்றவர் அருகிலுள்ள அஜக்ஸ் நகரில் மனைவியோடு அமைதியாக வாழ்ந்த முதியவர். வர்த்தகரின் அறை எண்ணை மாற்றிக் குறித்துத் தந்தவர் எங்கள் அலுவலக நிரூபா. நீங்கள் மலர்வளையத்தோடு நுழைந்த அறையில் ஐந்து பேர்கூட இல்லை.

"ஆரப்பா நீங்கள்? இவருக்கு வெள்ளைக்காரச் சிநேகிதர் ஒருத்தரும் இல்லையே!" என்றார் முதியவரின் மனைவி கமலாம்பிகை அம்மா.

உடன் வந்த நிரூபா பதறிப்போய், வர்த்தகரின் அறையில் எல்லோரும் உங்களுக்காகக் காத்திருப்பதைக் காதோடு சொன்னார்.

"இங்கேயும் ஒருவர் இறந்துதானே இருக்கிறார்" என்றபடி அம்மாவின் அருகில் அமர்ந்தீர்கள்.

ஒரே மகன் கஜீவன் விசா மறுக்கப்பட்டுக் கொழும்பில் நிற்பது அப்போதுதான் தெரிந்தது. மறுநாள் தகனம். தகன உலையின் பொத்தானை அழுத்துவதுதான் இங்கே கொள்ளி; அதை வைக்க வேறு பிள்ளை இல்லை.

"அவன் வராட்டி ஆர் அந்தப் பொத்தானை அமத்துறது?" என்று அம்மா கேட்டதை நிரூபா மொழிபெயர்த்தபோது உங்கள் முகம் மாறியது. பனிப்புயலில் விமானம் நின்றுபோனதால் தந்தையின் அடக்கத்துக்குப் போய்ச்சேர முடியாத மகன் நீங்கள் என்பதை அன்றுதான் அறிந்தோம்.

"முடிவெடுக்கும் அதிகாரம் எனக்கில்லை. கேட்கும் உரிமை இருக்கிறது" என்றீர்கள். தகனம் தள்ளிப்போனது. விசா அதிகாரிகளிடம் விடாமல் கேட்டீர்கள். நான்காம் நாள் கஜீவன் வந்திறங்கினார். பொத்தானை அழுத்தியது அவர் கை. கடைசி வரிசையில் தலை குனிந்து நின்றீர்கள்.

அன்று நீங்கள் வராததால் வர்த்தகரின் குடும்பம் மனம் நொந்தது. நேரில் சென்று "பிழை என்னுடையது" என்றீர்களே தவிர, நிரூபாவின் பெயரை எடுக்கவில்லை. இன்று அவரே வற்புறுத்தியதால்தான் இதை எழுதுகிறோம்.

பதவியிலும் பணிவு மறவாத பண்பாளரே! உடல் நலமும் மன அமைதியும் சூழ, துணைவியாரோடும் பேரப்பிள்ளைகளோடும் நெடுங்காலம் மகிழ்ந்திருங்கள்.

இந்தப் பிரியாவிடை விழாவின் முன்வரிசையில் அமர்ந்திருக்கும் கமலாம்பிகை அம்மா ஒன்றைச் சேர்க்கச் சொன்னார்: "தம்பிக்கு எழுதுங்கோ, இனி எங்கட வீட்டுக்கு வழி மாறாமலே வரட்டாம்."

என்றும் உங்கள் அன்பில்,
தொகுதி அலுவலகப் பணியாளர்கள்
நிரூபா, ரஜிதன், சீமோன்
ரொறன்ரோ