மூன்றாவது குளியல்

டீயில் சர்க்கரை கொஞ்சம் தூக்கலாக இருந்தால்தான் எனக்குத் தொண்டையில் இறங்கும், இன்ஸ்பெக்டர் மேடம். இது நன்றாக இருக்கிறது. எழுதிக்கொள்ளுங்கள், சொல்கிறேன்.

நான் வீட்டிலேயே தையல் தைக்கிறவள். என் புருஷன் போனில் மூன்று தலாக்கையும் ஒரே மூச்சில் சொன்னபோது, பாதி தைத்த சட்டையை முடித்துக் கொடுத்துவிட்டுத்தான் அழுதேன். எல்லோரும் பொறுமைசாலி என்றார்கள். எனக்கு மிஞ்சியது அந்தப் பேர் ஒன்றுதான்.

என் தங்கை சிட்டு அப்படியில்லை. புருஷன் அடித்தான் என்று என் வீட்டுக்கு வந்தவள், பெண்கள் கால் வைக்காத ஜமாஅத் கூட்டத்துக்கே போய், "அடிக்கிறவரோட வாழ முடியாது, பிரிச்சு விடுங்க" என்று நின்றாள். வேறு வழியில்லாமல் அவன் ஒரு தலாக் சொன்னான். ஒன்று என்றால், இத்தா என்கிற காத்திருப்புக் காலம் முடிவதற்குள் "மீட்டுக்கிட்டேன்" என்று சொல்லித் திரும்பக் கூட்டிப்போகலாம். மூன்றாவது மாதவிலக்கு நின்று தலைக்குக் குளித்துவிட்டால் அவன் யாரோ, அவள் யாரோ.

என் இத்தாவில் நான் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன். அவளோ பாட்டு முணுமுணுத்தாள். அக்கம்பக்கத்துப் பெண்கள் வந்து, "உன் தைரியம் யாருக்கு வரும்" என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டார்கள். என் கையை ஒருத்தியும் பிடித்ததில்லை. எனக்கு வயிறு எரிந்தது, மறைப்பானேன்.

மூன்றாம் மாதம் ஒரு திங்கட்கிழமை சிட்டு ஈரத் தலையோடு வந்து என்னைக் கட்டிக்கொண்டாள். "அக்கா, முடிஞ்சிருச்சு. இனி யாருக்கும் பயப்பட வேணாம்."

அன்று மதியமே அவனுக்குப் போன் செய்தேன். "இன்னும் நாள் இருக்கு மாப்பிள்ளை, வந்து கூட்டிட்டுப் போங்க."

சோம்பேறி, புதன்கிழமைதான் வந்தான். நாலு பேரை வைத்துக்கொண்டு வாசலில் நின்று "மீட்டுக்கிட்டேன்" என்றான். காலம் கடந்துவிட்டது என்று சிட்டு சொன்னது எடுபடவில்லை. அவளுக்கு வாயாடி என்று பேர். அவனோடு வந்திருந்த ஜமாஅத் தலைவர் தரையைப் பார்த்தபடி என்னிடம் கேட்டார்.

"நீ பொறுமையான பொண்ணு, பொய் சொல்ல மாட்டே. அவ குளிச்சாச்சாம்மா?"

"இன்னும் இல்லைங்க" என்றேன்.

சிட்டு கத்தவில்லை. "அக்கா" என்று மட்டும் சொன்னாள். அவள் துணிகளை நானே மடித்துப் பையில் வைத்தேன்.

பன்னிரண்டாம் நாள் அவளை மாடிப்படியிலிருந்து தள்ளியது அவன். நான் இல்லை, அதைச் சரியாக எழுதுங்கள். ஆஸ்பத்திரியில் அவள் கண் விழித்தால், அக்கா வெளியே காத்திருக்கிறாள் என்று சொல்லுங்கள். பாவம், அவளுக்கு என்னை விட்டால் வேறு யார் இருக்கிறார்கள்?