மச்சான் ருசி பார்த்த சாஸ்

நான் நின்னுக்கிட்டே சொல்லட்டுமா சார்? உக்காந்தா எனக்குப் பேச்சு வராது. சின்ன வயசுலேருந்தே அப்படித்தான். கறியை ஓவன்ல வெச்சா அது வேகற வரைக்கும் சும்மா இருக்கத் தெரியாது. கதவைத் திறந்து திறந்து பார்ப்பேன். திறந்தா சூடு போயிடும், கறி காஞ்சுடும்னு தெரியும். தெரிஞ்சும் கை அடங்காது. அப்புறம், இந்த நாற்காலிக்குப் பின்கால் ஆடுது. யாராவது விழுந்து வைக்கறதுக்குள்ள சரி பண்ணச் சொல்லுங்க.

என் வேலை லிஃப்ட் ரிப்பேர். ஒரு நட்டை முறுக்கினா மறுபடி தொட்டுப் பார்க்கணும், கிளம்பறதுக்கு முன்னாடி இன்னொரு தடவை பார்க்கணும். அதுல அலுத்துக்கவே கூடாது. நான் கை வெச்ச லிஃப்ட்ல இதுவரைக்கும் யாருக்கும் ஒரு கீறல் பட்டதில்ல. கம்பெனியில கேட்டாலே சொல்லுவாங்க. கவனமில்லாத ஆளுன்னு மட்டும் என்னை நினைச்சுடாதீங்க.

வாரம் பூரா என் மனைவிதான் சமைப்பா. ஞாயித்துக்கிழமை மட்டும் அடுப்பு என்னோடது. நான் செய்யறது ஒண்ணே ஒண்ணுதான். முழு ஆட்டுத் தொடையில மிளகு, பூண்டு, உப்பு தேய்ச்சு, முந்தின நாளே ஊற வெச்சு, ஓவன்ல சுடறது. கூட பிளம்ஸ் சாஸ். நல்லா பழுத்ததா பார்த்து வாங்கி, கொட்டையை எடுத்துட்டு, வெங்காயத்தோட வதக்கி, சர்க்கரை கொஞ்சம், வினிகர் கொஞ்சம் விட்டு, கரண்டியில ஒட்டற பதம் வர்ற வரைக்கும் கிளறிக்கிட்டே இருக்கணும். கையை எடுக்கக் கூடாதுங்கறதாலயே எனக்கு அந்த வேலை பிடிக்கும். கல்யாணமான புதுசுல, நான் கறியை வெட்டி வெக்கறதுக்குள்ள அவ ரொட்டியைப் பிச்சு சாஸ்ல முக்கி வாயில போட்டுக்குவா. “நீங்க லிஃப்ட்டை விட்டுட்டு இதுக்கே போயிடலாம்”னு சொல்லுவா. சொல்லிட்டு விரலை நக்குவா. வேற எதுக்கும் என்னை யாரும் மெச்சினதில்ல சார். லிஃப்ட் ஓடினா யாரும் திரும்பிப் பார்க்க மாட்டாங்க, நின்னாத்தான் திட்டுவாங்க. அது எனக்குப் பழகிப்போச்சு. ஆனா அந்த ஞாயித்துக்கிழமை எனக்கு வேணும்.

அப்புறம் மச்சான் வந்தார். என் மனைவியோட அண்ணன். பெரிய ஹோட்டல்ல தலைமைச் சமையல்காரர். “முதுகு முடியல மாப்பிள்ளை, நாலு நாள் படுத்து எழுந்துட்டுப் போயிடறேன்”னு ஒரு பெட்டியும், துணியில சுருட்டின கத்திங்களுமா வந்து நின்னார். முதுகு முடியாதவர் வந்த வாரமே கேஸ் சிலிண்டரை ஒத்தை ஆளாத் தூக்கி மாத்தினார். நாலு நாள் மாசக்கணக்கா ஆச்சு. நல்ல மனுஷன். அதை நான் மறைக்க வேண்டியதில்ல. நான் வேலையிலேருந்து லேட்டா வந்தா, சாப்பிடாம உக்காந்திருப்பார். “தனியா சாப்பிட்டா செரிக்காது மாப்பிள்ளை”ம்பார்.

ஆனா சாஸைத் தொட்டுட்டார்.

முதல் ஞாயித்துக்கிழமை பின்னாடி வந்து நின்னார். மூடியைத் தூக்கி, கண்ணை மூடிக்கிட்டு, ஆவியை நல்லா இழுத்தார். “கோவிச்சுக்காதீங்க, ஒரு ஆரஞ்சுத் தோலை மெல்லிசா சீவிப் போடுங்க”ன்னார். போட்டேன். நல்லா இருந்தது. அதுதான் சார் பிரச்சனையே. நல்லா இல்லாம இருந்திருந்தா நான் தாங்கியிருப்பேன். என் மனைவி ரொட்டியை முக்கி ஒரு வாய் போட்டுட்டு, “அண்ணன் கை பட்டதும் எப்படி மாறிடுச்சு பாருங்க”ன்னா. அன்னைக்கு விரலை நக்கினாளா இல்லையான்னு நான் கவனிக்கல. அவ அண்ணன் முகத்தைத்தான் பார்த்தாங்கறதை மட்டும் கவனிச்சேன்.

அதுக்கப்புறம் அது வழக்கமாப் போச்சு. கறி வாங்கறது நான், ஊற வெக்கறது நான், நின்னு கிளறறது நான். அவர் ஒரு கரண்டி எடுத்து நாக்குல வெச்சு, தலையை ஆட்டினா சாஸ் முடிஞ்சது. ஆட்டலைன்னா முடியல. எதிர்வீட்டு அம்மா கிண்ணத்தோட வந்து, “உங்க அண்ணன் பண்ற சாஸ் கொஞ்சம் குடேன்”ன்னாங்க. என் மனைவி சிரிச்சுக்கிட்டே ஊத்திக் குடுத்தா. நான் பக்கத்துலதான் நின்னேன், கையில கரண்டியோட. அவ ஒரு வார்த்தை திருத்தியிருக்கலாம். எனக்கு வயிறு எரிஞ்சுது சார். சும்மா சொல்லல, நிஜமாவே எரிஞ்சுது. மருந்துக்கடையில மாத்திரை கூட வாங்கினேன்.

ஒரு ஞாயித்துக்கிழமை சாஸ் அடுப்புல இருக்கும்போது போன் வந்தது. ஒரு கட்டடத்துல லிஃப்ட் நடுவுல நின்னு ஒரு கர்ப்பிணி உள்ள மாட்டிக்கிட்டாங்க. காவலாளிக்கு ஒவ்வொண்ணா நான் சொல்லிக்குடுத்து, அவங்களை வெளியே எடுக்கறதுக்குள்ள இங்க சாஸ் அடிப்பிடிச்சிடுச்சு. மேலாப்புல இருந்ததை மட்டும் வேற பாத்திரத்துல ஊத்தி சர்க்கரை சேர்த்தேன். கசப்பு போச்சு. தீஞ்ச வாடை மட்டும் போகல. வீடு பூரா அதே வாடை, திரைச்சீலை வரைக்கும். இன்னைக்கு நல்லா வாங்கிக் கட்டிக்கப் போறோம்னு நினைச்சுக்கிட்டே பரிமாறினேன். மச்சான் மூடியைத் தூக்கி, கண்ணை மூடி, அதே மாதிரி இழுத்தார். “இன்னைக்குத்தான் மாப்பிள்ளை உங்களுக்குக் கை வந்திருக்கு”ன்னார். என் மனைவி குனிஞ்ச தலை நிமிராம சாப்பிட்டா.

முதல்ல கிண்டல்னு நினைச்சேன். அவர் முகத்துல கிண்டல் இல்ல. மறுநாள் மீன் கழுவின கழிவை ஒரு பையில போட்டு, அவர் பேப்பர் படிக்கற நாற்காலிக்குக் கீழ வெச்சுட்டு வேலைக்குப் போனேன். சாயங்காலம் வந்து பார்த்தா, அந்த நாற்காலியிலயே உக்காந்து கால் ஆட்டிக்கிட்டு இருக்கார். காலையிலயே வெளியே போயிட்டு அப்பதான் உள்ள நுழைஞ்ச என் மனைவி வாசல்லயே மூக்கைப் பொத்தினா. “எலி செத்திருக்கும்”னு சொல்லி நான் பையை எடுத்துட்டுப் போய்ப் போட்டேன்.

மச்சானுக்கு மூக்கு போயிடுச்சு சார். நாக்குக்கு உப்பு, புளிப்பு, இனிப்பு தெரியும், அவ்வளவுதான். ஹோட்டலை விட்டது முதுகால இல்ல. ஆரஞ்சுத் தோல் சொன்னது பழக்க தோஷத்துல. அந்தக் கண்ணை மூடி இழுக்கறதெல்லாம் நடிப்பு.

இதை நான் சொல்லியிருக்கலாம். சொல்லல. ஒரு மனுஷனோட மானம் சம்பந்தப்பட்ட விஷயம், நாமளா ஏன் கிளறணும்னு விட்டுட்டேன். உண்மையைச் சொன்னா, கொஞ்ச நாள் எனக்கு சந்தோஷமாவே இருந்தது. அவர் ஆவியை இழுக்கும்போதெல்லாம் உள்ளுக்குள்ள சிரிச்சுக்குவேன். ஆனா அது நிலைக்கல. சாஸ் வெச்சதும் என் மனைவி அப்பவும் அவர் முகத்தைத்தான் பார்த்தா. மூக்கே இல்லாத ஆளு தலையை ஆட்டினாத்தான் என் சமையல் சமையல். எனக்கு ராத்திரி தூக்கம் போச்சு. வேலையில ஒரே நட்டைப் பத்து தடவை தொட்டுப் பார்த்தேன்.

அந்த சனிக்கிழமை ஓவன் பக்கம் குனிஞ்சப்ப லேசா கேஸ் வாடை வந்தது. டியூபை மாட்டியிருக்கற கிளிப் கொஞ்சம் தளர்ந்திருந்தது. நான் ஸ்க்ரூடிரைவர் எடுத்துக்கிட்டு வந்து உக்காந்தேன். மச்சான் எட்டிப் பார்த்தார். “என்ன மாப்பிள்ளை, அடுப்புக்கும் லிஃப்ட் ரிப்பேரா? எழுந்திருங்க, இது என் ராஜ்யம்”னு சிரிச்சார். ஹால்லேருந்து என் மனைவி சிரிச்ச சத்தமும் கேட்டது. நான் ஸ்க்ரூடிரைவரைக் கீழ வெச்சுட்டேன். அவர் சமையலறை, அவர் பார்த்துக்கட்டும்னு நினைச்சேன். யாரா இருந்தாலும் அப்படித்தான் நினைப்பாங்க.

மறுநாள் என் மனைவியோட தோழிக்குக் குழந்தை பிறந்திருக்கு, போய்ப் பார்க்கணும்னா. நானும் வர்றேன்னேன். ஞாயித்துக்கிழமை நான் வெளியே கிளம்பறது அதிசயம். அவ ரொம்ப சந்தோஷப்பட்டா, புதுப் புடவை கூடக் கட்டினா. காலையிலயே சாஸ் செஞ்சு மூடி வெச்சுட்டேன். சாரல் அடிச்சதால சமையலறை ஜன்னலைச் சாத்தினேன். சாரல் அடிச்சுது, அது பொய்யில்ல. மச்சான் முன்னறையில பேப்பர் படிச்சுக்கிட்டு இருந்தார். “கறி இன்னும் கொஞ்சம் ஊறட்டும் மச்சான், அப்புறமா பத்த வெச்சா போதும்”னேன். “நீங்க போயிட்டு வாங்க மாப்பிள்ளை, தொடை என் பொறுப்பு”ன்னார்.

பஸ்ல என்னால உக்காரவே முடியல. எழுந்து கம்பியைப் பிடிச்சேன், மறுபடி உக்காந்தேன், ஜன்னலை ஏத்தினேன், இறக்கினேன். “ஏன் இப்படி நெளியறீங்க? கறி எங்கயும் ஓடிடாது, அண்ணன் இருக்காரே”ன்னு சொல்லி அவ என் கையைப் பிடிச்சுக்கிட்டா. ரொம்ப நாள் கழிச்சுப் பிடிச்சா.

தோழி வீட்டுல குழந்தையை என் மடியில வெச்சிருந்தப்ப போன் வந்தது. எதிர்வீட்டு அம்மா பேசினாங்க, சமையலறை வெடிச்சிடுச்சுன்னு. நான் குழந்தையைப் பத்திரமாக் கைமாத்திட்டுத்தான் எழுந்தேன்.

ஆஸ்பத்திரியில மச்சானுக்கு அன்னைக்கு சாயங்காலம் வரைக்கும் நினைவு இருந்தது. முகமெல்லாம் கட்டு. என் குரலைக் கேட்டதும், “சாஸ் எல்லாம் கொட்டிப்போச்சு மாப்பிள்ளை, மன்னிச்சுடுங்க”ன்னார். அப்புறம் பேசல. நான் வெளியே வந்து தாழ்வாரத்துல நடந்தேன். ஒரு நர்ஸம்மா ரெண்டு தடவை உக்காரச் சொன்னாங்க.

மச்சான் செத்தது விபத்துன்னு நீங்களே எழுதி முடிச்சுட்டீங்க. நான் எதுவும் பேச வேண்டியதா இல்ல. வீட்டுலதான் தாங்கல. என் மனைவி சுவரைப் பார்த்துக்கிட்டே உக்காந்திருந்தா. போன வாரம் வாயைத் திறந்தா. அண்ணனுக்கு வாசனை தெரியாதுங்கறது வந்த அன்னைக்கே அவளுக்குத் தெரியுமாம். “மாப்பிள்ளைக்குத் தெரிஞ்சா என்னை வேலைக்காகாதவன்னு நினைப்பார்”னு சொல்லி, அழுது, சத்தியம் வாங்கியிருக்கார். மனுஷன் உடைஞ்சுடக் கூடாதேன்னுதான் ஒவ்வொரு ஞாயிறும் அவ அவர் முகத்தைப் பார்த்து, அவர் தலையாட்டற வரைக்கும் காத்திருந்திருக்கா. அடிப்பிடிச்ச அன்னைக்கு, நான் போன்ல கத்திக்கிட்டு இருந்தப்ப அவதான் அவர்கிட்ட போய், “எப்படி இருந்தாலும் நல்லா இருக்குன்னு சொல்லுண்ணா, இவர் முகம் வாடினா எனக்குத் தாங்காது”ன்னு சொல்லியிருக்கா. “உங்ககிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, அவரைத் தனியா விட்டுட்டு வந்திருப்பீங்களா? நான்தான் கொன்னேன்”னு தலையில அடிச்சுக்கிட்டா. நான் தண்ணி கொண்டுவந்து குடுத்தேன். அடிச்ச கையைப் பிடிச்சுக்கிட்டேன். ஒரு புருஷன் செய்ய வேண்டியதைச் செஞ்சேன்.

இன்னைக்குக் காலையில எழுந்து குளிச்சு, இங்க ஸ்டேஷனுக்கு வந்துட்டா. எல்லாம் தெரிஞ்சிருந்தும் மறைச்ச குத்தம் அவளோடதுன்னு எழுதிக் குடுக்கப் போறாளாம். வெளியே பெஞ்ச்ல உக்காந்திருக்கா. வர்றவங்க போறவங்ககிட்டயெல்லாம் அதையே சொல்லிக்கிட்டு இருக்கா. நான் அவளை விட வேகமா நடந்து முன்னாடி வந்தேன்.

ஸ்க்ரூடிரைவரைக் கீழ வெச்சேன்னு சொன்னேன் இல்லையா? அது சனிக்கிழமை. ஞாயித்துக்கிழமை, அவ குடையைத் தேடிக்கிட்டு இருந்தப்ப, அதை மறுபடி எடுத்தேன். கிளிப்பை இறுக்கத்தான் எடுத்தேன்னு இத்தனை நாளும் எனக்கே சொல்லிக்கிட்டேன். இறுக்கற பக்கம் எதுன்னு எனக்குத் தெரியாதா சார்? கழட்டற பக்கம்தான் திருப்பினேன். திருப்பிட்டு, தொட்டுப் பார்த்தேன். கிளம்பறதுக்கு முன்னாடி இன்னொரு தடவையும் பார்த்தேன்.

அவளைக் கூப்பிட்டு இதை நீங்களே சொல்லிடுங்க. நான் சொன்னா நம்ப மாட்டா, ‘என்னைக் காப்பாத்தறதுக்காகச் சொல்றார்’ம்பா. சாஸ் அண்ணனோடதுன்னாங்க, கொலை தன்னோடதுன்னு அவ சொல்றா, இப்படி ஆளாளுக்கு எடுத்துக்கிட்டா எப்படி? அந்த வீட்டுல நான் செஞ்ச ஒரு காரியத்தையாவது என் பேர்ல எழுதுங்க சார்.